விரும்பி ஏற்கும் போர்

உலகில் மனிதன் ஆற்றும் செயல்கள் இருவகைப்படும். செய்தே தீர வேண்டியவை ஒருவகை. செய்யாவிடினும் கேட்பார் இல்லாதவை மற்றொரு வகை. உழவன் பருவத்தே விதைத்தல் வேண்டும். விதையாவிடின் ஊர் பசிக்கும். மாணவன் தேர்வு எழுதுதல் வேண்டும். எழுதாவிடின் மேல்வகுப்புக்குச் செல்லுதல் இயலாது. இவை முதல் வகையின. எவரும் ஏவாமலே ஒருவன் மலை ஏறுகின்றான். மற்றொருவன் பொருள் விளங்காத பழம்பாடல் ஒன்றினை வைத்துக்கொண்டு நள்ளிரவு வரை விழித்திருக்கின்றான். இவை இரண்டாம் வகையின. இவ்விரண்டனுள் மனிதனை உருவாக்குவதில் பெரும்பங்கு கொள்வது இரண்டாவதே என்பது என் துணிபு. இத்துணிபு எந்த நூலைக் கற்றும் எனக்கு வந்ததன்று. என் பேரன் ஆடிய வீடியோ விளையாட்டு ஒன்றனால் வந்தது. இவ்வாறு ஒரு தமிழாசிரியன் கூறக் கேட்டு நீங்கள் நகைக்கலாம். நகைத்த பின்னர்ப் பொறுமையோடு மேலே படிப்பீர்களாக.

திருவண்ணாமலையில் பேய்க்கோபுரத்திற்கு அணித்தாக எங்கள் இல்லம் உள்ளது. சென்ற கோடை விடுமுறையில், பொறியியற் கல்லூரியில் பயிலும் என் பேரன் வந்து எங்களுடன் தங்கியிருந்தான். மாலையில் கோயில் மணி ஒலிக்கும் வேளையில் அவன் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்வான். திரையில் ஒற்றைக்கை வீரன் ஒருவன் வாளேந்தி ஓடுவான். உடலெல்லாம் தீப்பற்றி எரியும் பூதம் ஒன்று அவனை மிதித்துக் கொல்லும். பேரன் பெருமூச்சு விடுவான், மீண்டும் தொடங்குவான், மீண்டும் அவ்வீரன் மாய்வான். ஒருநாள் மாலை மட்டும் இருபத்து மூன்று முறை அவன் தோற்றதை யான் எண்ணினேன்.

எனக்கு இரக்கம் பிறந்தது. "இப்பூதத்தை வென்றால்தான் மேலே செல்ல முடியும் போலும்" என்றேன்.

"இல்லை தாத்தா. இதனோடு போரிடாமலே கதையை முடித்துவிடலாம். விரும்பினால் மட்டும் போரிடலாம்" என்றான் அவன்.

"வேண்டாத போரில் இத்தனை முறை ஏன் சாகின்றாய்?"

"விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை, தாத்தா."

அம்மறுமொழி என்னைச் சிந்திக்க வைத்தது. பள்ளி நாள்களில் இலக்கணப் பாடம் என்றால் இதே பேரன், "இது தேர்வுக்கு வருமா?" என்று முதலிற் கேட்பான், வாராது என்றால் ஏட்டை மூடிவிடுவான். கட்டாயமில்லாத பாடத்தைக் கண்டு ஓடியவன், கட்டாயமில்லாத பகையை நாடிச் சென்று நாள்தோறும் தோற்கின்றானே! இஃது எவ்வாறு நிகழ்ந்தது? அதனை அறிய விரும்பி அன்று முதல் அவன் அருகில் ஒரு நாற்காலியை இட்டு அமர்ந்தேன்.

அவ்விளையாட்டின் பெயர் 'செகிரோ' என்பது. ஜப்பான் நாட்டு ஃபிரம்சாஃப்ட்வேர் என்னும் நிறுவனம் அதனை ஆக்கியது. ஹிடேடகா மியாசாகி என்பவர் இயக்கினார். 2019 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் வெளிவந்து, அவ்வாண்டின் சிறந்த விளையாட்டு என்னும் விருதையும் பெற்றது. பதினாறாம் நூற்றாண்டின் இறுதியில், ஜப்பானியச் சிற்றரசர்கள் தம்முட் பொருத காலத்தில், அசினா என்னும் கற்பனை நாட்டில் கதை நிகழ்கின்றது. இளந்தலைவன் ஒருவனைக் காக்கும் வீரன் போரில் தன் இடக்கையை இழக்கின்றான். பாழ்ங்கோயில் ஒன்றில் வாழும் முதிய சிற்பி அவனைக் காப்பாற்றிப் பொறிக்கை ஒன்றைப் பொருத்துகின்றார். எளிது, கடிது என்று ஆடுபவன் தெரிந்துகொள்ளும் வசதி இவ்விளையாட்டில் இல்லை. யாவர்க்கும் ஒரே கடுமைதான். குருதி சிந்தும் காட்சிகள் மலிந்தமையால் இது வளர்ந்தோர்க்கே உரியது, சிறுவர்க்கு ஏற்றதன்று. அதனையும் இங்கே சொல்லிவிடுகின்றேன்.

கதையின் வழியில் வலிய பகைவர் பலர் எதிர்ப்படுவர். இளைஞர் இவர்களைப் 'பாஸ்' என்பர். இவர்களுள்ளும் இருவகையினர் உளர். சிலர் வழியை மறித்து நிற்பர். அவர்களை வெல்லாமல் அடுத்த இடம் செல்ல இயலாது. வேறு சிலர் வழியை விட்டு விலகிய இடங்களில் இருப்பர். இருண்ட குகையிலும் நீரின் அடியிலும் தலையற்ற பேயுருவங்கள் காத்திருக்கும். அவற்றைக் காணாமலே ஒருவன் கதையை முடித்துவிடலாம். நான் கண்ட எரிபூதமும் இவ்வகையினதே. 'வெறுப்பின் பூதம்' என்பது அதன் பெயர்.

அப்பூதம் யார் என்று அறிந்தபோது என் நெஞ்சு நெகிழ்ந்தது. வீரனுக்குக் கை கொடுத்த முதிய சிற்பியே அவர். இளமையில் பலரைக் கொன்றவர். அப்பாவத்தின் சினம் தம்முள் மூண்டெழாதிருக்கப் பாழ்ங்கோயிலில் அமர்ந்து புத்தர் உருவங்களைச் செதுக்கி வந்தார். ஆயினும் அவர் செதுக்கிய உருவங்களின் முகங்கள் அனைத்தும் சினமுகங்களாகவே அமைந்தன. நாட்டிற் போர் பெருகியபோது வெறுப்பின் தீ அவரைப் பற்றிக்கொண்டது. கோட்டை வாயிலுக்கு வெளியே, பிணங்களிடையே, அவர் பூதமாய் எரிந்து நிற்கின்றார். ஆடுபவன் அவரை நாடிச் செல்லாவிடினும் கதை முடியும். ஆனால் தனக்கு உதவிய முதியவர் என்ன ஆனார் என்பதை அவன் அறியான். அவருக்கு விடுதலையும் கிடைக்காது. வென்றவன் பெறும் பரிசோ, தாக்கும் வலிமை ஒரு படி உயர்தல், அவ்வளவே. கதையின் முடிவை நெருங்கிய பின் அதனால் விளையும் பயன் சிறிது.

போரின் முறையையும் சிறிது கூறுகின்றேன். ஏனைய வாள்வீரரோடு பொருங்கால், அவர் வாள் வீசும் தாளத்தை அறிந்து தன் வாளால் தட்டித் தடுத்து அவர்தம் நிலையைக் குலைத்தல் வேண்டும். அதுவரை கற்ற அம்முறையையே நம்பி இப்பூதத்தின் முன் நின்றவன் அழிவான். இங்கே ஓடவும், தாவவும், விலகவும் கற்றல் வேண்டும். தீயைத் தாங்க இரும்புக் குடை ஒன்று உண்டு. அதனை முன்னரே தேடிப் பெற்றிருத்தல் வேண்டும். பூதத்தைச் சில நொடிகள் திகைக்க வைக்கும் ஊதல் ஒன்றும் உண்டு. அதனையும் நாடு சுற்றித் தேடியவனே பெறுவான். மூன்று முறை அப்பூதம் வீழ்ந்தால்தான் போர் முடியும். என் பேரன் நான்கு மாலைகள் போராடினான். ஐந்தாம் நாள் மாலை வென்றான். வென்றவன் ஆர்ப்பரிக்கவில்லை. கருவியைக் கீழே வைத்துவிட்டுச் சிறிது நேரம் வாளா இருந்தான். அவன் கண்களில் நீர் துளிர்த்திருந்தது.

மாணவர்களே! இப்போரின் இயல்பை நம் முன்னோர் நன்கு அறிந்திருந்தனர். தொல்காப்பியர் புறத்திணையியலிற் போரைப் பல திணைகளாக வகுத்துரைத்தார். மண் மேல் கொண்ட விழைவால் நிகழும் போர் வஞ்சி. மதிலை முற்றுதலும் காத்தலும் பற்றியது உழிஞை. தும்பையோ இவற்றின் வேறானது. வலிமையை நிலைநாட்டுதலே பொருளாக வந்த வேந்தனை, மற்றொரு வேந்தன் எதிர் சென்று பொருதல் தும்பை. அங்கே மண்ணும் இல்லை; மதிலும் இல்லை; ஆற்றல் ஒன்றே பொருள். வழியை மறித்து நிற்கும் பகைவனோடு செய்யும் போர் உழிஞையை ஒக்கும். அவனை வெல்லாமல் உள்ளே புகுதல் இயலாது. ஒதுங்கி நிற்கும் பகைவனை நாடிச் சென்று பொருதல் தும்பையை ஒக்கும். திருவள்ளுவரும் படைச்செருக்கு என்னும் அதிகாரத்தில், முயலை வீழ்த்தியவனைக் காட்டிலும் யானையை நோக்கி எறிந்து குறி தவறியவனே பெருமைக்குரியவன் என்னும் கருத்தை அமைத்துள்ளார். எளிய வெற்றியினும் அரிய தோல்வி மேலானது என்னும் உண்மையை அவர் கண்டிருந்தார்.

பழங்காலப் போரைவிட்டு இக்கால ஊரைக் காண்போம். எங்கள் திருவண்ணாமலைக்கு வருவோர் அண்ணாமலையாரை வணங்கினால் வழிபாடு நிறைவுறும். எனினும் நிறைநிலா நாள்களில் பல்லாயிரக்கணக்கானோர் இரவெல்லாம் மலையைச் சுற்றி நடக்கின்றனர். அவ்வழியின் நீளம் ஏறத்தாழ 14 கிலோமீட்டர். இந்திர லிங்கம் முதல் ஈசான லிங்கம் வரை எட்டினையும் வணங்கி, வெறுங்காலோடு விடியலில் திரும்புவோரை ஆண்டுதோறும் காண்கின்றேன். முதியோரும் கைக்குழந்தை ஏந்திய தாயரும் அவர்களுள் உளர். நடந்தே ஆக வேண்டும் என்று அவர்களை ஏவியவர் எவருமிலர். கால் கடுத்தவர் இடையிலே ஆட்டோவில் ஏறிவிடலாம்; அவரை இகழ்வாரும் இலர். ஆயினும் அவர்கள் நடக்கின்றனர்.

தென்மாவட்டச் சிற்றூர்களில் இளவட்டக்கல் என்னும் உருண்டைக் கல்லைக் காணலாம். அதனை முழங்காலுக்கு ஏற்றி, மார்புக்குக் கொணர்ந்து, தோளுக்கு உயர்த்திப் பின்னே எறிதல் இளைஞர்தம் வீரவிளையாட்டு. பொங்கல் நாள்களில் இன்றும் சில ஊர்களில் இப்போட்டி நிகழ்கின்றது. மற்றை நாள்களில் அக்கல் தெருவோரத்திற் கிடக்கும். அது யார் வழியையும் மறிப்பதில்லை. ஆயினும் அதனைக் கடந்து செல்லும் இளைஞன் எவனும், 'என்னால் இயலுமா?' என்று ஒருமுறையேனும் எண்ணாமற் செல்வதில்லை.

புலவர்க்கும் இளவட்டக்கல் உண்டு. இவ்வூரோடு தொடர்புடைய அருணகிரிநாதர் இயற்றிய கந்தர் அந்தாதி யமகம் அமைந்த அரிய நூலாகும். அதன் 54 ஆம் பாடல் தகர வருக்க எழுத்துகளாலேயே அமைந்தது. வேறு எழுத்து எதுவும் அதில் இல்லை. இவ்வாறு பாட வேண்டும் என்பது யாப்பிலக்கணத்தின் கட்டளை அன்று. எளிய சொல்லாலும் இறைவனைப் பாடலாம். வல்லமை உடைய புலவர் தாமே விரும்பி ஏற்ற கடுமை இது. பிற்காலத்தே சதாவதானி செய்குத்தம்பிப் பாவலர் 1907 ஆம் ஆண்டு சென்னை விக்டோரியா மண்டபத்தில் ஒரே அவையில் நூறு செயல்களில் நினைவைச் செலுத்திக் காட்டியதும் இத்தகையதே.

இனி என் குற்றம் ஒன்றையும் கூறுதல் வேண்டும். முப்பதாண்டுகட்கு மேல் தமிழாசிரியனாகப் பணியாற்றியவன் யான். பல ஆண்டுகட்கு முன்னர், ஒன்பதாம் வகுப்பு மாணவன் ஒருவன் மேற்சொன்ன பாடலை எங்கோ கண்டு, ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்தான். "ஐயா, இதற்குப் பொருள் உண்டா?" என்று கேட்டான். அரையாண்டுத் தேர்வு அணுகிய நேரம் அது; பாடங்கள் முடியவில்லை. "அது தேர்வுக்கு வாராது, போய்ப் பாடத்தைப் படி" என்றேன். அவன் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு சென்றான். அதன் பின்னர் அவன் என்னிடம் எதையும் கேட்டதில்லை. தேர்வில் நல்ல மதிப்பெண்ணே பெற்றான். ஆயினும் அன்று தானே நாடி வந்த ஒருவனைத் திருப்பி அனுப்பிவிட்டேன் என்பதை இப்பொழுது உணர்கின்றேன். 'தேர்வுக்கு வருமா?' என்னும் கேள்வியை மாணவர்க்குக் கற்பித்தவர்கள் எம்போன்ற ஆசிரியர்களே.

விளையாட்டை ஆக்கியோர் அறிந்ததும் யாம் மறந்ததும் மூன்று. முதலாவது, தோல்விக்கு அங்கே பெருந்தண்டனை இல்லை. தோற்றவன் சேர்த்த பொருளில் ஒரு பகுதியை இழப்பான். சில நொடிகளில் மீண்டும் அதே களத்தை நோக்கி நிற்பான். பள்ளியிலோ ஒருமுறை தோற்றவன் ஓராண்டு அதன் வடுவைச் சுமக்கின்றான். இரண்டாவது, தோல்வியின் காரணம் அங்கே தோற்றவனுக்கே புலனாகின்றது. 'ஒரு கணம் முந்தித் தாவினேன்; குடையை விரிக்கப் பிந்தினேன்' என்று அவன் தன் பிழையைத் தானே சொல்கின்றான். சிவப்பு மையினால் ஒரு கோடு இட்டுத் தாளைத் திருப்பித் தரும் யாம், பிழை எது என்று அத்துணைத் தெளிவாகக் காட்டுகின்றோமா? மூன்றாவது, வேண்டாவெனில் விலகிச் செல்லும் உரிமை அங்கே உண்டு. அவ்வுரிமை இருத்தலாலேயே, விலகாமல் நிற்றல் பெருமை ஆகின்றது. விலக இயலாதவன் நிற்பதில் என்ன பெருமை உளது?

இதனை மறுப்போர் உளர். "இளைஞர் இரவெல்லாம் திரையின் முன் அழிகின்றனரே; அதனைப் புகழலாமோ?" என்பர். அவர் கூற்றில் உண்மை உண்டு. பணம் வைத்து ஆடும் இணையவழி ஆட்டங்களை யான் இங்குப் பேசவில்லை. அவை சூதின்பாற் பட்டவை. 2025 ஆம் ஆண்டு இந்திய நாடாளுமன்றம் அவற்றைத் தடுக்கச் சட்டம் இயற்றியது. பணம் வையாத ஆட்டமும் அளவு கடப்பின் நோயாகும். உலக நல்வாழ்வு நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில் அந்நோய் இடம்பெற்றுள்ளது; அப்பட்டியல் 2022 ஆம் ஆண்டு சனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. ஆட்டத்தை அடக்க இயலாமை, பிற கடமைகளினும் அதனையே முதன்மையாகக் கொள்ளுதல், தீங்கு விளைந்தும் விடாமை ஆகியன அந்நோயின் குறிகள். இவை மூன்றும் காட்டுவது ஒன்றே: அவன் விட்டு எழும் உரிமையை இழந்துவிட்டான். எழ இயலாதவன் ஆடுவது விருப்பப் போர் ஆகாது, அது கட்டாயமே. ஆதலின் ஆடுகின்ற இளைஞன், 'இப்பொழுது எழுந்து செல்ல என்னால் இயலுமா?' என்று நாள்தோறும் தன்னையே கேட்டுக்கொள்ளுதல் வேண்டும். என் பேரன் உணவுக்கு அழைத்தால் எழுந்து வந்தான். ஆகவே யான் அஞ்சவில்லை.

மற்றொரு தீங்கும் உண்டு. அரியதை வென்றவன், வெல்லாதவனை இகழத் தொடங்குவது அது. வில்லிபுத்தூராரைப் பற்றி இந்நாட்டில் வழங்கும் செவிவழிச் செய்தியை நீங்கள் கேட்டிருப்பீர்கள். அவர் புலவரை வாதுக்கு அழைத்து, தோற்றவர் காதை அறுப்பாராம். அருணகிரிநாதர் அவரோடு வாதிட்டுக் கந்தர் அந்தாதியைப் பாடினாராம். பாடலுக்குப் பாடல் உரை சொல்லி வந்த வில்லிபுத்தூரார், தகரப் பாடலில் இடர்ப்பட்டு நின்றாராம். வென்ற அருணகிரியார் அவர் காதை அறுக்கவில்லை. காதறுக்கும் கொடுமையை விடுமாறு செய்து அனுப்பினாராம். இது வரலாறோ கதையோ, அறம் இதில் தெளிவாக உள்ளது. ஒருவன் தானே ஏற்ற கடுமை அவனுக்கு அணி. அதனைப் பிறர்மேல் ஏவினால் அது காதறுக்கும் கத்தி.

அருணகிரியார் வழியில் நின்ற இளைஞர் இக்காலத்தும் உளர். அதே ஜப்பானிய நிறுவனம் ஆக்கிய 'எல்டன் ரிங்' என்னும் விளையாட்டு 2022 ஆம் ஆண்டு வெளிவந்தது. அதில் மலேனியா என்னும் வாள்மகள் ஒருத்தி உண்டு. அவளையும் வெல்லாமலே கதையை முடிக்கலாம். அவள் வாள் பகைவன்மேற் படுந்தோறும் அவள் இழந்த உயிர்வலிமை மீளும். ஆதலின் அவளை வெல்லுதல் மிக அரிது. தலையிற் சாடி ஒன்றைக் கவிழ்த்துக்கொண்டு தோன்றும் ஆட்டக்காரர் ஒருவர், 'அவளை யான் தனியே எதிர்கொள்வேன்' என்று பொருள்படும் புனைபெயர் பூண்டார். தோற்றுத் தளர்ந்தோர் அழைத்த இடமெல்லாம் சென்று, அவர்பொருட்டு அவளோடு பொருதார். அவ்வாண்டிலேயே 1,000 முறை அவளை வென்றார். விளையாட்டை வெளியிட்ட நிறுவனம் அவருக்கு வாள் ஒன்றைப் பரிசாக அனுப்பியது. தோற்றவரை நகையாடாமல் அவர் பக்கம் நின்றமையே அவரை உலகறியச் செய்தது.

பேரன் ஊருக்குப் புறப்படுவதற்கு முந்திய நாள் மாலை, அலமாரியிலிருந்து கந்தர் அந்தாதியை எடுத்து அவன்முன் வைத்தேன். தகரப் பாடலைக் காட்டினேன். "இது தேர்வுக்கு வாராது, இதனைக் கற்காமலே நீ வாழ்ந்துவிடலாம்" என்றேன். அவன் சிரித்தான், பின்னர்ப் பாடலை உற்று நோக்கினான். முதற் சொல்லை எங்கே பிரிப்பது என்று அறியாது இடர்ப்பட்டான். பிரித்தான், பிழைத்தான். மீண்டும் பிரித்தான், மீண்டும் பிழைத்தான். யான் விடை கூறவில்லை. பிழை எங்கே என்று மட்டும் விரலாற் சுட்டினேன். இரவு உணவு ஆறிப்போயிற்று. முதலடியின் பொருள் மட்டும் அன்று விளங்கியது. எஞ்சிய அடிகளை எழுதி எடுத்துக்கொண்டு சென்றான்.

ஆசிரியப் பெருமக்களே! பாடத்திட்டத்தின் ஓரத்தில் கட்டாயமில்லாத ஓர் அரிய கணக்கையோ, ஒரு கடிய பாடலையோ வையுங்கள். அதற்கு மதிப்பெண் வேண்டா. தோற்றவர்க்குத் தண்டனையும் வேண்டா. நாடி வருபவனைத் திருப்பி அனுப்பாமல் இருந்தாற் போதும். மாணவர்களே! கட்டாயமானவற்றைக் கடமையாகச் செய்யுங்கள். அவற்றோடு, எவரும் ஏவாத ஓர் அருஞ்செயலை நீங்களே தேர்ந்து ஏற்றுக்கொள்ளுங்கள். அது பாட்டாகலாம், மலையாகலாம், இசைக்கருவியாகலாம், விளையாட்டும் ஆகலாம். தோற்பின் மீண்டும் முயலுங்கள். விட வேண்டிய நேரத்தில் எழுந்து செல்லுங்கள். வென்றால் பின்வருவோர்க்குக் கை கொடுங்கள். உங்கள் ஆற்றலின் எல்லையை உங்களுக்குக் காட்டுவது அச்செயலே ஆகும்.